ரேகை போச்சு

கருவேல மரமும் கந்தகப் புழுதியும் தவிர வேறெதுவும் விளையாத அந்த ஊரில், பட்டாசு ஆலைக்குள் யாரும் விளக்கு ஏற்றக் கூடாது. எண்ணெய் விளக்கு கூடாது, மின்சார பல்பு கூடாது, டார்ச் லைட்டும் கூடாது, வாயில் பீடியோடு மதிலோரமாக நடந்துபோகிறவனைக் கண்டால் வாட்ச்மேன் கேள்வி கேட்காமல் கல்லெடுத்து எறிவான். வெடிமருந்து அறைகள் மொத்தம் இருபத்தெட்டு. ஒவ்வொன்றிலும் நாலு பெண்கள், காலில் கொலுசில்லாமல், தலையில் ஊசியில்லாமல், செருப்பை வெளியே விட்டுவிட்டு, வாசலில் பதித்திருக்கும் பித்தளைத் தகட்டை உள்ளங்கையால் தொட்டு உடம்பிலிருக்கிற மின்சாரத்தை மண்ணுக்கு இறக்கிவிட்டு உள்ளே போவார்கள். போய் உட்கார்ந்தால் சத்தமில்லாமல் குழாய்க்குள் மருந்தை அடைத்துக்கொண்டே இருப்பார்கள், பொழுது சாயும் வரைக்கும்.

பொழுது சாய்ந்துவிட்டது என்று யார் சொல்வது? கடிகாரத்தை நம்ப முடியாது. ஐப்பசியில் மேகம் கட்டினால் நாலரைக்கே இருட்டும், சித்திரையில் ஆறரைக்கும் வெளிச்சம் நிற்கும். அதற்கென்று அங்கே ஒரு வழக்கம் இருந்தது. அறைக்கு ஒருத்தி ரேகைக்காரி. வெளிச்சம் மங்க ஆரம்பித்ததும் அவள் எழுந்து வாசலுக்கு வருவாள், வலது உள்ளங்கையை முகத்துக்கு நேரே விரித்துப் பார்ப்பாள். கைரேகை தெரிந்தால் திரும்பிப் போய் உட்கார்வாள். தெரியாவிட்டால், "ரேகை போச்சு" என்பாள். அதற்குமேல் ஒரு குழாய் நகராது. பாதி அடைத்தது பாதியிலேயே கிடக்க, நாலு பேரும் எழுந்து முந்தானையை உதறிக்கொண்டு வீட்டைப் பார்க்க நடப்பார்கள்.

இந்த வழக்கத்தை ஏற்படுத்தியவர் முதலாளியின் அப்பா. பெரிய மனசால் ஏற்படுத்தவில்லை. ஒரு கார்த்திகை மாசத்து அந்தியில் ஒரே அறைக்குள் ஒன்பது பெண்களை அடைத்து, இன்னும் கொஞ்சம் இன்னும் கொஞ்சம் என்று இருட்டோடு வேலை வாங்கி, அந்த ஒன்பது பேரும் யார் யாரென்று அடையாளம் தெரியாமல் கரிந்துபோன பிறகு, ஊர் திரண்டு வந்து அவரைக் கழுத்தைப் பிடித்து உலுக்கி, அவர் கையாலேயே ஆலை கேட்டில் எழுதவைத்தது அது: 'ரேகை தெரியாத நேரத்தில் யாரும் மருந்தைத் தொடக் கூடாது.' ஆகவே அந்த ஊர்ப் பெண்களுக்கு அந்தி என்பது ஒன்பது உயிரைக் கொடுத்து வாங்கிய அந்தி. வானம் சும்மா தந்ததில்லை.

ஏழாம் நம்பர் அறையின் ரேகைக்காரி சீனித்தாய். பேர்தான் சீனி, பேச்சு முழுக்க மிளகாய் என்று ஆலையில் எல்லாரும் சொல்வார்கள், அவள் காதுபடவே சொல்வார்கள், அவளும் "ஆமா, கண்ணுல பட்டா எரியும், தள்ளி நில்லு" என்பாள். புருஷன் கருத்தப்பாண்டி லாரியில் வடக்கே போகிறவன், மாசத்துக்கு ரெண்டு நாள் முகம் காட்டுவான். வீட்டில் இருப்பது அவளும், ஆறு வயசு மகள் நாகுவும்தான். பகலில் பக்கத்து வீட்டு மாரிக்கனி பிள்ளையைப் பார்த்துக்கொள்வாள்.

நாகுவுக்கு ஒரு குணம். வெளிச்சத்தில் அவள் பேச மாட்டாள். ஊமையில்லை, திக்குவாய் இல்லை, டாக்டர் நாக்கை நீட்டச் சொல்லிப் பார்த்துவிட்டார், பூசாரி விபூதி போட்டுப் பார்த்துவிட்டார். தன் முகத்தை ஒரு ஆள் பார்த்துக்கொண்டிருந்தால் அவளுக்கு வார்த்தை வராது, அவ்வளவுதான். பள்ளிக்கூடத்தில் தலையை ஆட்டுவாள், கடையில் விரலால் காட்டுவாள். ஆனால் அந்தியில் சீனித்தாய் வீட்டுக்கு வந்து, பல்பைப் போடாமல் கட்டிலில் சாய்ந்து, அடுப்பங்கரையும் கதவும் சுவரும் ஒன்றோடொன்று கலந்து ஒரே இருட்டாக ஆனதும், அந்த இருட்டுக்குள்ளிருந்து குரல் வரும். "அம்மா, கீழத்தெரு ஆடு ரெண்டு குட்டி போட்டுச்சு. ஒண்ணு நொண்டி. நொண்டிக்குத்தான் முதல்ல பால் குடுக்குது." அப்படியே ஒரு மணி நேரம், சில நாள் ரெண்டு மணி நேரம். ஒரு நாள் முழுக்கச் சேர்த்துவைத்ததை ஒன்றுவிடாமல் அவிழ்ப்பாள். பேசி முடித்துப் பசிக்கிறது என்றால்தான் சீனித்தாய் எழுந்து பல்பைப் போடுவாள். அந்த ஒரு மணி நேரத்துக்காகத்தான் தான் உசுரோடு இருக்கிறோம் என்று அவள் நினைத்தாள், அதை மாரிக்கனியிடம் வெளிப்படையாகவே சொல்லியும் இருந்தாள்.

இப்படி இருக்கையில் பங்குனி மாசம் ஒரு செவ்வாய்க்கிழமை ஆறினிகள் வந்தன.

புளியங்கொட்டை அளவுப் பூச்சி, ஆறு கால், இறகு நாலு, முதுகு முழுக்க வெளிச்சம். மின்மினி போல விட்டு விட்டு எரியாமல், உட்கார்ந்தாலும் பறந்தாலும் செத்தாலும்கூட ரெண்டு நாள் வரைக்கும், நெய் உருகின நிறத்தில் ஒரே சீராக அது ஒளி விட்டது. கையில் எடுத்தால் சூடில்லை, கன்னத்தில் வைத்தால் மண்பானைத் தண்ணீர் போலக் குளிர்ந்தது. ஆறிப்போன வெளிச்சம் என்று யாரோ சொல்ல, பூச்சிக்கு ஆறினி என்று பேர் விழுந்தது. முதல் நாள் ஆலை வேப்பமரத்தில் அடைந்தன, ரெண்டாம் நாள் கோயில் கோபுரத்தில், மூன்றாம் நாள் ஊரில் ஓட்டு வீடு, கூரை வீடு, தளம் போட்ட வீடு என்று பாக்கியில்லாமல் எல்லா இடுக்கிலும் வந்து உட்கார்ந்துகொண்டன. அவை எங்கிருந்து வந்தன, எதற்கு வந்தன என்று யாரும் கேட்கவில்லை. அடுத்த வாரமே ஊருக்கு அவை இல்லாத நாள் மறந்துவிட்டது.

பூசாரி தீபாராதனைத் தட்டில் ஒன்பது ஆறினிகளை வைத்துச் சுற்றினார், சாமி முகம் இவ்வளவு தெளிவாகத் தெரிந்ததே இல்லை என்று கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். கடைசி பஸ் கண்டக்டர் காதுமடலில் ஒன்றை உட்காரவைத்துக்கொண்டு டிக்கெட் கிழித்தார். கல்யாணப் பெண்ணுக்குப் பூவோடு சேர்த்து ஆறினிச் சரம் கட்டினார்கள், மாப்பிள்ளை வீட்டார் சரத்தில் எத்தனை என்று எண்ணிப் பார்த்துச் சண்டை போட்டார்கள். கோழிகள் கூட்டில் அடைய மறந்து சாமம் வரைக்கும் தெருவில் மேய்ந்தன, மல்லிகை மொட்டுகள் எப்போது விரிவதென்று தெரியாமல் மொட்டாகவே வாடின, பூக்கட்டுகிறவர்கள் மட்டும் கொஞ்ச நாள் புலம்பினார்கள். ரெண்டு கட்சிக்காரர்களும் வந்து ஆறினியைக் கொண்டுவந்தது தங்கள் கட்சிதான் என்று பேனர் கட்டினார்கள். ரெண்டு பேனருக்கும் பூச்சிகள் பாரபட்சமில்லாமல் வெளிச்சம் போட்டன.

முதலாளி மட்டும் பேனர் கட்டவில்லை, சாமியும் கும்பிடவில்லை. நேரே போய்த் தீப்பாதுகாப்பு அதிகாரியைக் காரில் கூட்டிக்கொண்டு வந்தார்.

அதிகாரி ஒரு ஆறினியைக் கண்ணாடிக் குழாயில் போட்டு வெப்பமானியை நுழைத்தார், முள் அசையவில்லை. கருமருந்துக் கிண்ணத்தின்மேல் பூச்சியை நடக்கவிட்டார், அது மருந்துமேல் நடந்து மருந்தை மிதித்து மறுபக்கம் இறங்கியது. பிறகு விதிப் புத்தகத்தைப் பிரித்து, திரியில்லை, கம்பியில்லை, கண்ணாடியில்லை, ஆகவே இது விளக்கில்லை என்று சொன்னார். "ஆலைக்குள்ள விளக்கு இருக்கக் கூடாதுன்னுதான் சட்டம். பூச்சி இருக்கக் கூடாதுன்னு சட்டம் இல்ல." சொல்லிவிட்டு இளநீர் குடித்தார்.

மறுநாள் இருபத்தெட்டு அறையிலும் கொசுவலைத் துணியில் பை தைத்து, பைக்கு இருநூறு ஆறினி வீதம் அடைத்துத் தொங்கவிட்டார்கள். அன்றைக்கு அந்தியில் சீனித்தாய் வழக்கம்போல வாசலுக்கு வந்து கையை விரித்தாள். உள்ளங்கையில் ரேகைகள், நடுப்பகலில் தெரிவதைவிடத் தெளிவாக, கரிய மருந்து ஏறிய ஒவ்வொரு கோடும் பளிச்சென்று தெரிந்தது. போர்மேன் கொம்பையா எதிர்வரிசையில் நின்று சிரித்துக்கொண்டிருந்தார்.

"என்ன தாயி, ரேகை இருக்கா போச்சா?"

அவள் கையை மடக்கிக்கொண்டாள். உள்ளே போய் உட்கார்ந்தாள். அன்றைக்கு ஆலை விட்டபோது மணி ஒன்பது.

ஒன்பது என்பது அடுத்த வாரம் ஒன்பதரை ஆனது, சித்திரையில் பத்து ஆனது. நடுவில் ஒரு டீயும் ரெண்டு பருப்பு வடையும் கொடுத்தார்கள், அதை வாங்கித் தின்றுவிட்டு முதலாளிக்குத் தங்கமான மனசு என்று சில பெண்கள் பேசியதைக் கேட்டபோது சீனித்தாய்க்கு அந்த வடையைப் பிடுங்கி நாய்க்குப் போட வேண்டும் போல இருந்தது. அவள் சினேகிதி பொன்னுக்கனிகூட ஆரம்பத்தில் சந்தோஷமாகத்தான் இருந்தாள். கொண்டையில் ஆறினி செருகிக்கொண்டு வந்து, "பாரு மதினி, கரண்டு பில்லே கெடையாது" என்று தலையைத் திருப்பித் திருப்பிக் காட்டினாள்.

"உன் பொழுத எடுத்துக்கிட்டான், உனக்குப் பூச்சியக் குடுத்தான். நீ அதக் கொண்டையில வேற வச்சுக்கிட்டு ஆடு" என்றாள் சீனித்தாய்.

"உனக்கு எதப் பாத்தாலும் கோவந்தான்."

"கோவப்படாம இருக்க நீ எப்படித்தான் பழகுனியோ, அதச் சொல்லிக் குடு முதல்ல."

அவள் கோபம் நாளுக்கு நாள் வளர்ந்துகொண்டே போனது. பூச்சிகள்மேல் அவளுக்குக் கோபமில்லை, அவை பாவம், பைக்குள் ஒன்றன்மேல் ஒன்று ஏறிக்கொண்டு வழி தேடிக்கொண்டிருந்தன. இளநீர் குடித்த அதிகாரிமேல் கோபம், வடை தின்றவர்கள்மேல் கோபம், 'நம்ம ஊரு இப்ப சொர்க்கம்' என்று டீக்கடையில் சொன்னவன்மேல் கோபம், ரேகை தெரிகிற தன் கைமேல் கோபம். எல்லாவற்றுக்கும் மேலே வீட்டில் ஒரு காரியம் நடந்துகொண்டிருந்தது, அதுதான் அவளைத் தின்றது.

நாகு பேசுவது நின்றுவிட்டது.

பத்து மணிக்கு அவள் வீடு சேரும்போது பிள்ளை சில நாள் தூங்கியிருக்கும், பல நாள் தூங்காமல் கட்டிலில் குத்துக்காலிட்டுக் காத்திருக்கும். ஆனால் இருட்டு எங்கே? ஓட்டிடுக்கில் ஆறினி, கதவிடுக்கில் ஆறினி, உலைமூடியில் ஆறினி. அணைப்பதற்கு சுவிட்ச் இல்லாத வெளிச்சம் அது. சீனித்தாய் சாக்கை எடுத்து ஜன்னலை அடைத்தாள், சாக்கின் கண்வழியாக நுழைந்தன. பிள்ளையைப் போர்வைக்குள் இழுத்துப் போட்டுத் தானும் உள்ளே புகுந்தாள், போர்வை மடிப்புக்குள் ரெண்டு உட்கார்ந்திருந்தன. முறத்தால் அடித்துக் கூட்டித் தள்ளினாள், செத்தவை இன்னும் ரெண்டு நாளைக்குத் தரையில் கிடந்து எரிந்தன. நாகு அம்மாவின் முகத்தைப் பார்ப்பாள், உதடு பிரியும், சத்தம் வராது. பிறகு திரும்பிப் படுத்துக்கொள்வாள். இப்படி நாற்பது நாள்.

நாற்பத்தோராம் நாள் ராத்திரி ஏழாம் நம்பர் அறையில், காலை எட்டு மணியிலிருந்து உட்கார்ந்திருந்த பொன்னுக்கனி, உட்கார்ந்தவாக்கில் தூங்கிப்போனாள். மடியில் கருமருந்துத் தட்டு. தலை முன்னால் விழுந்தது, கை விட்டுப் போனது, தட்டு சரிந்து தரையில் விழுந்து மருந்து மூலை வரைக்கும் சிதறியது. மரத்தட்டு, ரப்பர் விரிப்பு, அதனால் ஒன்றும் ஆகவில்லை. ஆனால் நாலு பேரும் அடுத்த மூச்சை இழுக்க வெகுநேரம் ஆனது. பொன்னுக்கனி விழித்துக்கொண்டு, தன் மடியைப் பார்த்து, தரையைப் பார்த்து, சத்தம் வராமல் அழ ஆரம்பித்தாள்.

கொம்பையா ஓடி வந்தார். வாசலில் நின்று எட்டிப் பார்த்தார், நெஞ்சில் கை வைத்துக்கொண்டு, "ஆறினி புண்ணியத்துல தப்பிச்சோம்" என்றார்.

சீனித்தாய் எழுந்தாள். வெளியே வந்து, பித்தளைத் தகட்டைத் தாண்டி முற்றத்தில் நின்று, இருபத்தெட்டு அறைக்கும் கேட்கும்படி சொன்னாள். "ரேகை போச்சு."

"என்னது?"

"காதுல விழலையாண்ணே? ரேகை போச்சு. எல்லாரும் எந்திரிங்க."

கொம்பையா அவள் மணிக்கட்டைப் பிடித்தார். வேப்பமரத்தடிக்கு, ஆறினிகள் ஈயாக மொய்த்திருந்த கிளைக்குக் கீழே இழுத்துக்கொண்டு போய், அவள் உள்ளங்கையைப் பிரித்து, அறைகளிலிருந்து எட்டிப் பார்த்த பெண்களுக்கு முன்னால் ஜோசியக்காரன் போல விரல் வைத்துக் காட்டினார். "இந்தா இருக்கு ஆயுசு ரேகை. இந்தா கல்யாண ரேகை. புத்தி ரேகைதான் கொஞ்சம் கம்மியா இருக்கு." ரெண்டொரு பெண்கள் பயத்தில் சிரித்தார்கள். "போயி வேலையப் பாரு. இன்னொருவாட்டி வாயத் தொறந்த, நாளையிலேர்ந்து கேட்டுக்கு வெளியதான்."

அவள் போய் வேலையைப் பார்த்தாள். கை நடுங்கியது, நடுங்கும் கையால் மருந்து அடைக்கக் கூடாது என்று தெரிந்தும் அடைத்தாள். அதை நினைத்தால் அவளுக்கு இன்னும் அவமானமாக இருந்தது.

வீட்டுக்கு வந்தாள். மாரிக்கனி சோறு வைத்திருந்தாள், சாப்பிடவில்லை. நாகு கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். சீனித்தாய் பிள்ளைக்கு எதிரே சுவரில் சாய்ந்து உட்கார்ந்து, அழுதுவிடக் கூடாது, அந்தக் கொம்பையாவுக்காக ஒரு சொட்டுக் கண்ணீர் விடக் கூடாது என்று பல்லைக் கடித்துக் கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

"அம்மா."

அவள் கண்ணைத் திறந்தாள். பிள்ளை வாயை மூடிக்கொண்டது. ரெண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு இருந்தார்கள். சீனித்தாய் மெதுவாகத் திரும்பவும் கண்ணை மூடினாள்.

"அம்மா, எனக்குப் பல்லு விழுந்துருச்சு."

"எப்ப?"

"ரொம்ப நாளாச்சு. நீ வரவே இல்ல. சாணியில உருட்டிக் கூரை மேல எறியணும்ல, எனக்கு எட்டல. கூரை மேல விழல, சாக்கடையில விழுந்துருச்சு. இனிமே மொளைக்காதாம்மா?"

"மொளைக்கும். சாக்கடையில விழுந்தாலும் மொளைக்கும். யாரு சொன்னா மொளைக்காதுன்னு?"

"டீச்சர் கேள்வி கேட்டாங்க. எனக்கு பதில் தெரியும். சொல்ல வரல. முட்டிபோட வச்சாங்க."

அதற்குப் பிறகு நாற்பத்தொரு நாளும் வரிசையாக வந்தது. நொண்டிக்குட்டி செத்துப்போனது வந்தது, மாரிக்கனி அத்தை ரகசியமாக வெற்றிலை போடுவது வந்தது, ஒரு நாள் காய்ச்சலடித்தது வந்தது, அதை மாரிக்கனிகூட அறிந்திருக்கவில்லை. சீனித்தாய் கண்ணைத் திறக்கவே இல்லை. மூடிய இமைக்குள்ளே நல்ல கெட்டியான இருட்டு இருந்தது, ஒரு பூச்சிகூட அங்கே நுழையவில்லை. இத்தனை நாளும் இது தன் முகத்திலேயே இருந்திருக்கிறதே, ஜன்னலுக்குச் சாக்குத் தேடிக்கொண்டு அலைந்தோமே என்று தன்மேலேயும் அவளுக்குக் கோபம் வந்தது. அந்தக் கோபத்தோடுதான் மறுநாள் வேலைக்குப் போனாள்.

பகலில் கஞ்சி குடிக்கிற நேரத்தில் பேச்சு அறை அறையாகப் போனது. ஒருத்தி ஒருத்தியின் காதில் சொன்னாள், அவள் அடுத்தவள் காதில் சொன்னாள். பயந்தவர்களும் இருந்தார்கள். "வேலைய விட்டுத் தூக்கிட்டா என்ன மதினி செய்ய?" என்று பொன்னுக்கனி கேட்டாள், ராத்திரி முழுக்கத் தூங்காத முகம் அவளுக்கு.

"நூத்திப்பன்னெண்டு பேரையும் தூக்கிட்டு யாரு அடைப்பா? கொம்பையாவா? அந்த ஆளுக்கு மருந்தக் கண்டாலே கக்கூஸ் வரும்."

"அடிப்பாங்க."

"மருந்து அறைக்குள்ள கை ஓங்கச் சொல்லு பாப்போம். பொசுக்குன்னு போனா அவரும் சேந்துதான் போவாரு."

பொன்னுக்கனி கஞ்சியைக் குடித்து முடித்தாள். பிறகு கொண்டையிலிருந்த ஆறினியை எடுத்துப் பக்கத்துச் செடியில் விட்டாள்.

அன்றைக்கு வெயில் மெதுவாகத்தான் இறங்கியது. மேற்கே கடைசிச் சிவப்பும் போனது, துணிப்பைகள் நெய் நிறத்தில் பிரகாசித்தன. கொம்பையா வரிசை வரிசையாகப் பார்த்துக்கொண்டு வந்தார். ஏழாம் நம்பர் வாசலுக்கு சீனித்தாய் வந்தாள். உள்ளங்கையை முகத்துக்கு நேரே விரித்தாள். கண்களை மூடினாள்.

"ரேகை போச்சு" என்றாள்.

எட்டாம் நம்பரிலிருந்து இன்னொரு குரல் "ரேகை போச்சு" என்றது. மூன்றிலிருந்து வந்தது, பத்தொன்பதிலிருந்து வந்தது, இருபத்தெட்டு வாசலிலும் இருபத்தெட்டுப் பேர் கையை விரித்துக்கொண்டு கண்ணை மூடி நின்றார்கள். உள்ளே மற்றவர்கள் மடியிலிருந்த தட்டுகளைத் தரையில் மெதுவாக இறக்கி வைத்துவிட்டு, அவர்களும் கண்ணை மூடிக்கொண்டார்கள்.

கொம்பையாவுக்கு முதலில் சிரிப்புதான் வந்தது. பிறகு கெட்ட வார்த்தை வந்தது. பிறகு அறைக்கு அறை ஓடினார். மருந்து அறைக்குள் கத்தக் கூடாது என்பது அவர் வாயிலேயே ஆயிரம் தடவை வந்த விதி, ஆகவே பல்லைக் கடித்துக்கொண்டு, "தொறங்கடி, கண்ணத் தொறங்கடி" என்று கிசுகிசுத்துக்கொண்டே ஓடினார். தோளைப் பிடித்து உலுக்கப் போய், தரையிலிருந்த கருமருந்தைப் பார்த்துக் கையை இழுத்துக்கொண்டார்.

முதலாளி கார் வந்து நின்றது. அவர் கத்துகிற ஆளில்லை. வேப்பமரத்தடியில் நின்று குரலை இறக்கிப் பேசினார். "தாய்களா, எங்க அப்பா காலத்துலேர்ந்து ஒரே குடும்பமா இருக்கோம். இவ்வளவு அருமையான வெளிச்சத்தக் கடவுளாப் பாத்து அனுப்பியிருக்காரு. அதுல போயிக் கண்ண மூடுனா தெய்வகுத்தம்."

"அய்யா, கேட்டுல உங்க அப்பா எழுதுனது என்னன்னு படிச்சுச் சொல்லுங்க" என்றாள் சீனித்தாய், கண்ணைத் திறக்காமல்.

முதலாளி கேட்டைத் திரும்பிப் பார்த்தார்.

"விளக்கு இல்லன்னா வேலை இல்லன்னு எழுதல. இருட்டுனா வேலை இல்லன்னும் எழுதல. ரேகை தெரியாத நேரம்னு எழுதியிருக்கு. எங்களுக்குத் தெரியல. உங்க அதிகாரிய வரச்சொல்லுங்க, பூச்சிக்குச் சட்டம் படிச்சாருல்ல, கண் இமைக்குச் சட்டம் இருக்கான்னு பாக்கச் சொல்லுங்க."

"சீனித்தாயி, நீ படிச்ச பொண்ணு..."

"நான் படிக்கல அய்யா. எனக்குத் தெரிஞ்சது ஒன்பது பேரு செத்தது. பத்தாவது ஆளு நேத்து என் பக்கத்துல உக்காந்து தூங்கிக்கிட்டு இருந்தா. நாங்க வீட்டுக்குப் போறோம்."

அவர்கள் எழுந்தார்கள். முன்னால் இருப்பவள் தோளில் கை வைத்து, நூற்றுப் பன்னிரண்டு பேரும் ஒரே வரிசையாக, யாரும் கண் திறக்காமல், கேட்டைத் தாண்டி ரோட்டில் இறங்கினார்கள். பத்து வருஷம், இருபது வருஷம் நடந்த வழி, காலுக்குத் தெரியும். ஊரே பகல் போல வெளிச்சமாக இருந்தது. டீக்கடையில் ஒருவன், "குடுத்துவச்ச சனம், அனுபவிக்கத் தெரியல" என்றான். பஸ்ஸுக்கு நின்றவர்கள் சிரித்தார்கள். ஒருத்தன் வழியில் கல்லை உருட்டிவிட்டான், முன்னால் போன சீனித்தாய் தடுக்கி, சமாளித்து, "கல்லு" என்றாள், அந்த ஒரு சொல் வாய்வாயாகக் கடைசி ஆள் வரைக்கும் போனது, வேறு யாரும் இடறவில்லை. அதற்குப் பிறகு சிரிப்பு கொஞ்சம் குறைந்தது. கொம்பையா பின்னாலேயே வந்தார். ஆலைக்கு வெளியே வந்துவிட்டதால் அவருக்கு இப்போது குரல் திரும்பியிருந்தது. ஒவ்வொருத்தி பேரையும் சொல்லி, அவள் அப்பன் பேரையும் சொல்லி, நாளைக்குத் தெரியும் சேதி என்று தெருவே அதிரக் கத்திக்கொண்டு வந்தார்.

வரிசை சீனித்தாய் வீட்டுத் தெருவுக்குள் திரும்பியது. மாரிக்கனி, "ஆத்தீ, இதென்ன கூத்து" என்று சொன்னது அவளுக்குக் கேட்டது. அப்படியானால் நாகுவும் அங்கேதான் வாசலில் நிற்கிறாள். சீனித்தாய் நின்றாள், அவளுக்குப் பின்னால் ஒவ்வொருவராக எல்லாரும் நின்றார்கள். அவளுக்குப் பிள்ளையைப் பார்க்க வேண்டும் என்று இமை துடித்தது. இன்னும் இறுக்கி மூடினாள்.

கொம்பையாவின் செருப்புச் சத்தம் அவளைத் தாண்டி முன்னால் போய் நின்றது. "என்ன, வீடு வந்துருச்சுல்ல? இப்பத் தொற. உம் மகளப் பாக்கவாச்சும் தொற. அதுதான் ஊமையாச்சே, உன்னப் போல வாயாவது இல்லாம இருக்கே."

மாரிக்கனி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டிருக்க வேண்டும். ஒரு கோழி மட்டும் எங்கோ கொக்கரித்தது.

சின்னப் பாதம் நாலு எட்டு வைத்து நடந்து வந்தது. சீனித்தாயின் பக்கத்தில் வந்து நிற்கவில்லை. அவளைக் கடந்து போய்க் கொம்பையாவுக்கு எதிரே நின்றது.

"நீயும் மூடு."

வெட்டவெளிச்சத்தில், தெருக்கோடிக்குக் கேட்கும்படி, கொஞ்சமும் நடுங்காத குரல் அது. பொன்னுக்கனியின் கை சீனித்தாயின் தோளை இறுகப் பிடித்தது. பின்னால் யாரோ ஒருத்தி மூச்சை உள்ளே இழுத்தாள். யாரும் கண்ணைத் திறக்கவில்லை.

கொம்பையா கண்ணை மூடினாரா என்று சீனித்தாய்க்குத் தெரியாது, அவள் பார்க்கவில்லை. அவர் கத்துவதற்கு வாயெடுத்த மாதிரி ஒரு சத்தம் கேட்டது, பிறகு அது கேட்கவில்லை. ஆனால் நாகு அதோடு நிறுத்தவில்லை. நாற்பத்தொரு நாளாக அந்த ஊரில் தான் பார்த்ததையெல்லாம், ஆளையும் பேரையும் விடாமல், தெரு நடுவில் நின்றுகொண்டு சொல்லத் தொடங்கினாள்.